போத்தலில் போட்ட கோடு

மூன்று காபன் அணுக்களை ஒரு வளையமாக அடைப்பதுதான் என் இறுதியாண்டு ஆய்வு. கறுவாப்பட்டை எண்ணெயின் மணப்பொருளில் தொடங்கி, இரண்டு படிகளில், பென்சீனின் ஓரத்தில் ஒட்டிய அந்தக் குட்டி முக்கோணத்தை எடுக்க வேண்டும். காபனுக்கு இப்படி நெருக்கி வளைவது பிடிக்காது. கொஞ்சம் பிசகினாலும் முக்கோணம் அவிழ்ந்து, இரட்டைப் பிணைப்புள்ள திறந்த சங்கிலியாகிவிடும். இரண்டுக்கும் சூத்திரம் ஒன்று, நிறை ஒன்று, நிறமும் இல்லை. போத்தலைப் பார்த்து எது எதுவென்று சொல்ல முடியாது.

எனக்குக் கிடைத்தது ஒரு மெல்லிய போத்தலில் இரண்டு விரல் உயரம். வெள்ளிக்கிழமை எங்கள் துறையிலிருந்து மூலக்கூற்றின் அமைப்பைக் காட்டும் கொழும்புக் கருவிக்கு ஒரு பெட்டியில் மாதிரிகள் போகும். இங்கே செய்யும் சோதனைகளில் தேறியவற்றுக்கு மட்டுமே அந்தப் பெட்டியில் இடம். அதைத் தவறவிட்டால், அடுத்த பெட்டி போகும்போது ஆய்வறிக்கை கொடுக்கும் நாள் முடிந்திருக்கும். எங்கள் குடும்பத்தில் பத்தாம் வகுப்பைத் தாண்டியவள் நான் ஒருத்திதான். எங்கள் ஊரான கொழும்புத்துறையில் அப்பா வலை காயப்போடும் இடத்தில், என் படிப்பைப் பற்றி விசாரிக்காதவர்கள் இல்லை. 'வளையம் வரவில்லை' என்று அவர்களுக்குச் சொல்ல நான் தயாராக இல்லை.

புதன்கிழமை விரிவுரையாளர் முன்னால் சோதித்தேன். முதலில் புரோமின் நீர். நிறம் போனது. அதில் கவலையில்லை, இறுக்கமான சிறு வளையமும் புரோமினுக்குத் திறந்து கொடுக்கும். அடுத்தது குளிர்ந்த, ஊதா நிறப் பரமங்கனேற்றுக் கரைசல். வளையமென்றால் ஊதா அப்படியே நிற்கவேண்டும், இரட்டைப் பிணைப்பென்றால் தேயிலைச் சாயம் போலக் கபில நிறமாகும். ஐந்து நிமிடத்தில் என் சோதனைக்குழாய் கபிலமானது.

"பிள்ளை, உது திறந்துபோச்சு போல கிடக்கு," என்றார். "உப்பிடியே அனுப்பேலாது."

மாதிரிகள் வைக்கும் குளிர்சாதனப் பெட்டியைத் திறந்தேன். காலையில் பெயர்த்தாள் வெளியே தெரிய வைத்த போத்தல், இப்போது திரும்பியிருந்தது. அந்தப் பெட்டியைப் பாவிப்பவர்கள் இரண்டே பேர். நானும், என்னோடு ஒரே மேசையில் வேலை செய்பவளும். அவள் நகரத்துப் பிள்ளை. தாய், தகப்பன் இருவரும் இரசாயனவியல் ஆசிரியர்கள். நாலு காபன் வளையம் அவளுடைய ஆய்வு, அது இரண்டு முறை கறுத்துத் தாராகிப் போனது. நான் முந்திவிட்டேன் என்பது அவளுக்குத் தெரியும். என் போத்தலில் எதையோ கலந்திருக்கிறாள் என்று எனக்குத் தோன்றியது. தோன்றியது என்ன, நிச்சயமாகவே நம்பினேன்.

எங்கள் வீட்டு மண்ணெண்ணெய்ப் போத்தலில் அம்மா கரிக்கட்டியால் கோடு போட்டுவைப்பார். யாராவது கேளாமல் எடுத்தால் பிறகு அவருக்குத் தெரிந்துவிடும். அன்று பின்னேரம் நானும் மாதிரியின் மட்டத்துக்குப் பேனையால் ஒரு கோடு போட்டுவிட்டுப் போனேன்.

வியாழன் காலை, மட்டம் கோட்டுக்குக் கீழே நின்றது.

அவள் ஏற்கனவே மேசையில் இருந்தாள். போத்தலை அவள் முன்னால் வைத்தேன்.

"இதை ஆர் எடுத்தது?"

"நான்தான்," என்றாள், தலை நிமிராமல். "மூண்டு துளி."

"என்னட்டைக் கேக்காமலோ?"

"நேற்று நீர் இருந்த கோவத்திலை உம்மட்டை ஆர் கேக்கிறது? கடிச்சிருப்பீர்." பிறகு போத்தலைப் பார்த்தாள். "கோடு போட்டனீரோ? என்னைப் பிடிக்கவோ?"

அவள் ஒரு தாங்கியை என் பக்கம் தள்ளினாள். அதில் இரண்டு குழாய்கள். ஒன்றில் கபிலம், மற்றதில் ஊதா.

"ஊதாவிலைதான் உம்மடை சாமான் இருக்கு, அது நான் கழுவின குழாய். ராத்திரி முழுக்க அப்பிடியே நிக்குது. கபிலத்துக்குள்ள ஒண்டுமே இல்லை, வெறும் பரமங்கனேற்றுத்தான். ஆனா அது நீர் கழுவின குழாய்."

நான் நம்பவில்லை. அவள் சொல்வதால்தான் நம்பவில்லை. கபிலக் குழாயை எடுத்து மணந்தேன். பரமங்கனேற்றுக்கு மணமில்லை. இதில் மெல்லிய ஸ்பிரிட் மணம் இருந்தது.

எங்கள் பக்கத்துக் கிணற்றுத் தண்ணீரில் சுண்ணாம்பு அதிகம். கழுவிக் காய்ந்த கண்ணாடியில் வெள்ளைப் படலம் படியும். அது தெரியாமல் இருக்க, கடைசியில் ஸ்பிரிட் விட்டு அலசுவது எங்கள் ஆய்வுகூடத்தின் வழக்கம். மற்றவர்கள் ஒருமுறை அலசி, கண்ணாடி உலர்த்தும் மின்சூளையில் காயவைப்பார்கள். நான் இரண்டு முறை அலசி, சூளைக்குக் காத்திராமல் கவிழ்த்து வைப்பேன். என் குழாய்கள்தான் மேசையில் மினுங்கும். அதைப் பார்த்து விரிவுரையாளர் ஒருநாள் பாராட்டியிருந்தார். அன்றிலிருந்து நான் அவற்றை வேறு யாருக்கும் கொடுக்கவில்லை. அடியில் தங்கிய ஸ்பிரிட்தான் பரமங்கனேற்றைக் கபிலமாக்கியிருக்கிறது. மாதிரி இல்லாமல் ஒரு வெறுங்குழாயில் முதலில் செய்து பார்த்திருந்தால் அன்றே தெரிந்திருக்கும். எனக்கு அது தேவையில்லை என்று நினைத்தேன்.

"சந்தேகம் வந்த உடனை, நேற்றே சொல்லியிருக்கலாமே," என்றேன்.

"சேருக்கு முன்னாலை உம்மடை குழாய் பிழையெண்டோ? நல்லாயிருக்கும்."

இவ்வளவுக்குப் பிறகும் அவளுடைய தாங்கியை விரிவுரையாளரிடம் கொண்டுபோக எனக்கு மனம் வரவில்லை. அவள் ஏதாவது செய்திருக்கலாம் என்ற எண்ணம் மூலையில் நின்றது. நானே புதிய குழாய்களை எடுத்து, ஒரு மணிநேரம் சூளையில் வைத்து, ஆறவிட்டு, அவரைக் கூப்பிட்டேன். வெறுங்குழாய் ஒன்று, மாதிரியோடு ஒன்று. கால் மணிநேரம் இரண்டையும் பார்த்துக்கொண்டு நின்றோம். இரண்டும் ஊதாவாகவே இருந்தன. புதன்கிழமை மாதிரி எடுத்த அவசரத்தில் போத்தலைத் திருப்பி வைத்தது நானாகவே இருக்கவேண்டும்.

"அப்ப நேற்று என்ன நடந்தது?" என்று கேட்டார்.

"குழாயிலை ஸ்பிரிட் இருந்தது, சேர். நான்தான் சரியாக் காயவைக்கேல்லை. அவதான் கண்டுபிடிச்சவ." கடைசி வசனத்தைச் சொல்லும்போது என் குரல் எனக்கே வேறாகக் கேட்டது.

வெள்ளிக்கிழமை என் போத்தல் கொழும்புப் பெட்டிக்குள் போனது. நான் மேசைக்குத் திரும்பியபோது அவள் மூன்றாவது முறையாகத் தன் வளையத்தைத் தொடங்கியிருந்தாள். தொடக்கப்பொருள் வைத்திருந்த அவளுடைய போத்தலில், என் பேனையாலேயே, தடித்த கோடு ஒன்று போட்டிருந்தது.

"ஏன் உது?" என்று கேட்டேன்.

"இனி உம்மையும் நம்பேலாது," என்றாள்.

நான் சூளையிலிருந்து நாலு குழாய்களை எடுத்து, சூடு ஆறட்டும் என்று அவள் பக்கம் வைத்தேன். அவள் ஒவ்வொன்றாக எடுத்து மணந்து பார்த்துவிட்டுத்தான் தாங்கியில் நிறுத்தினாள்.