அல்லி ராச்சியத்தில் நண்டுக்கறி

அக்காவின் முன்பல் உடைந்த நாளில் எங்கள் வீட்டில் நண்டுக்கறி.

உடைத்தது அத்தான், அக்காவின் புருஷன். அக்கா தேங்காய் துருவி முடித்து எழும்பிய நேரம் திருவலையைத் தூக்கி எறிந்திருக்கிறார். பலகைப் பக்கம் வாயில் பட்டது. இரும்பு அலகு பட்டிருந்தால் இதை நான் வேறு மாதிரித்தான் எழுத வேண்டி வந்திருக்கும். அக்கா வாயைப் பொத்திக்கொண்டு கிணற்றடிக்கு ஓடிவந்தாள். விரல் இடுக்கால் வழிந்த இரத்தம் சட்டைக் கழுத்தை நனைத்தது. வேலிக்கு அந்தப் பக்கம் கதியால் தடி நட்டுக்கொண்டிருந்த அயல்வீட்டு மாமா நிமிர்ந்து பார்த்தார். பிறகு தன் வீட்டுப் பக்கம் திரும்பிக் கத்தினார்.

"அல்லி ராச்சியத்தில போர் தொடங்கிட்டு கா!"

உள்ளே அவருடைய மனைவி சிரித்தது கேட்டது.

கெட்ட மனிதர்கள் இல்லை அவர்கள். எங்கள் வீட்டில் ஒருவருக்குக் காய்ச்சல் என்றால் முதலில் கொத்தமல்லி அவித்துக்கொண்டு வருவது அவர்கள்தான். அவர்களுக்கு அது உண்மையிலேயே பகிடி. பெண்களின் வீட்டில் ஒரு பெண்ணுக்கு என்ன நடந்துவிடப் போகிறது என்ற நம்பிக்கை. அன்றிலிருந்து அந்தச் சொல் என் காதுக்குள் புகுந்த எறும்பு மாதிரி ஆகிவிட்டது. எங்கே கேட்டாலும் திரும்பிப் பார்த்தேன்.

ஆணின் முகத்தில் விழிக்கவே விரும்பாத ஒரு ராணி ஆண்ட நாடு. அதுதான் அல்லி ராச்சியம். பழைய கதை. கதையை யாரும் முழுதாகச் சொல்லி நான் கேட்டதில்லை, சொல் மட்டும் எல்லோர் வாயிலும் கிடக்கிறது. பெரியகல்லாற்றிலிருந்து வருகிற பஸ்ஸில் பெண்கள் கூடுதலாக ஏறிவிட்டால் கொண்டக்டர் சொல்லுவார். ஓர் அலுவலகத்தில் மேலதிகாரி பெண்ணாக இருந்தால் பியோன் சொல்லுவார். பள்ளிக்கூடத்தில் எங்கள் வகுப்புச் சத்தம் போட்டால் கணக்கு வாத்தியார் சொல்லுவார். கொஞ்சம் ஏளனம், கொஞ்சம் செல்லம், அடியில் கொஞ்சம் பயம். சொன்னவர்கள் பெரும்பாலும் ஆண்கள்.

அதே சொல்லைப் பெருமையாகவும் சொல்லலாம். நானே சொல்லியிருக்கிறேன். வெளியூர்ச் சிநேகிதிகள் நிறைந்த பல்கலைக்கழக மேடையில் மைக்கைப் பிடித்து, எங்கள் மட்டக்களப்புதான் நிஜமான அல்லி ராச்சியம் என்று முழங்கினேன். எங்களுக்குக் குடி, அதாவது குலம், தாய் வழியாக வருகிறது. கோயிலில் அப்பனின் குடியைக் கேட்பதில்லை, தாயின் குடியைத்தான் கேட்பார்கள். வீடு பெண்பிள்ளைக்கு. மாப்பிள்ளை பெண்ணின் வீட்டுக்கு வந்து வாழ்வார். கைதட்டல் பலமாக இருந்தது. காத்தான்குடியிலிருந்து வந்த முஸ்லிம் சிநேகிதி ஒருத்தி பிறகு என்னை ஒரு பக்கம் இழுத்தாள். அவர்கள் ஊரிலும் வீடு பெண்ணுக்குத்தான்.

"எல்லாம் சரிதான் கா. அந்தச் சொல்ல எங்கட வாப்பா சொன்னா உம்மா சிரிக்கிற. கடையில வேற ஆக்கள் வாப்பாக்குச் சொன்னா அண்டைக்கு வீட்டுல கோப்பை உடையும். அத ஏன் நீ பேசல்ல?"

அவள் சொன்னதை நான் படித்த எந்தக் கட்டுரையிலும் காணவில்லை. எங்கள் வளவுக்குள்தான் கண்டேன்.

எங்கள் வளவில் இரண்டு வீடுகள். முன்னுக்கு ஓடு போட்ட பெரிய வீடு, வாவிப் பக்கம் பார்த்த பின்னுக்குத் தகரம் போட்ட சின்ன வீடு. பெரிய வீட்டை அப்பாவும் அம்மாவும் அக்காவுக்காகக் கட்டினார்கள். கலியாணம் முடிந்த கையோடு அதை அக்காவுக்குக் கொடுத்துவிட்டு நாங்கள் மூன்று பேரும் பாய் தலையணையோடு பின்னுக்குப் போனோம். அன்றைக்குப் பிறகு அம்மா பெரிய வீட்டுப் படியை மிதிக்கவில்லை. "குடுத்த வீடு" என்பாள். உப்பு வேண்டுமென்றாலும் வெளியே நின்றுதான் கூப்பிடுவாள்.

இன்னொரு வழக்கமும் இருந்தது. அத்தான் "வந்த புள்ள." தன் தாய் வீட்டை விட்டுப் பெண்ணின் வீட்டுக்கு வந்திருக்கிறவர். அவருக்கு மனம் குறைந்துவிடக் கூடாது. அப்பா வாவியில் வலை எடுத்துவந்தால் பெரிய நண்டும் பெரிய இறாலும் அவருக்கு. கோழி அடித்தால் கால் அவருக்கு. இது எங்கள் வீடு என்று அவர் ஒரு நொடிகூட நினைத்துவிடக் கூடாது. அதற்காக நாங்கள் எல்லோரும் பாடுபட்டோம். எங்கள் ராச்சியத்தில் ராணிகளின் முக்கிய வேலை, தாங்கள் ராணிகள் இல்லை என்று காட்டுவது.

பல் உடைந்த அன்று அம்மா நண்டு ஓட்டை ஓங்கி ஓங்கி உடைத்துப் போட்டுக் கறி வைத்தாள். கோபத்தில் உடைக்கிறாள் என்றுதான் நினைத்தேன். ஆனால் கறி இறங்கியதும் பெரிய கால்களைப் பொறுக்கிக் கோப்பையில் போட்டு, அத்தான் இருந்த முன்வீட்டைக் காட்டி என்னிடம் நீட்டினாள்.

"கொத்தானுக்குக் குடுத்திட்டு வா."

"அம்மா, உனக்கென்ன விசரா? அவள்ற பல்லு கிணத்தடியில கிடக்கு."

"அதுக்குத்தான். மனம் கோணிப் போய் நிக்கிற ஆள். நாம வேற முகத்தக் காட்டினா இன்னும் அடிப்பான். கொண்டு போ மனெ."

நான் போகவில்லை. அப்பா கொண்டு போனார். அத்தான் நண்டுக்காலைப் பல்லால் கடித்து உடைக்கிற சத்தம் பின்வீடு வரைக்கும் கேட்டது. அக்கா எங்கள் வாசலில் உட்கார்ந்து உப்புத் தண்ணீர் கொப்பளித்துக்கொண்டிருந்தாள்.

அடிக்கு ஒரு காரணம் எப்போதும் இருந்தது. தேத்தண்ணி ஆறிவிட்டது, பைக் சாவியைக் காணவில்லை, பதில் சொன்னாள், பதில் சொல்லவில்லை. உண்மைக் காரணம் சந்தியில் இருந்தது. தேற்றாத்தீவுப் பக்கம் மேசன் வேலைக்குப் போய் வருகிற கூட்டாளிகளோடு சந்திக் கடையில் குடித்துவிட்டு நிற்பார். அவர்கள் கேட்பார்கள்: "என்ன மச்சான், அல்லி ராச்சியத்தில காவல் வேலை முடிஞ்சுதா?" "பொண்டாட்டிர வீட்டில பாய் விரிக்க இடம் தந்தாளா?" கேட்கிறவர்களும் மனைவியின் வீட்டில் இருப்பவர்கள்தான். அது யாருக்கும் உறைக்காது. அவர் சிரித்துவிட்டு வருவார். கடப்படியைத் திறந்து வளவுக்குள் கால் வைத்ததும் அந்தச் சிரிப்பு போய்விடும்.

அப்பா ஒரு முறை அவருக்குப் புத்தி சொல்லப் பார்த்தார். தோணியைக் கவிழ்த்துப் போட்டுத் தார் பூசிக்கொண்டிருந்தார். அத்தான் பக்கத்தில் நின்றார். நான் வலையில் சிக்கெடுத்துக்கொண்டிருந்தேன்.

"தம்பி, நானும் இந்த ராச்சியத்துக்கு வந்து சேந்தவன்தான். எனக்கும் சொன்னாங்கள். நான் சொல்லுவன், ஓம்டா, ராணிர கையால சாப்பிர்றன், உனக்கென்ன எரியுது எண்டு. மறுகா ஒருத்தனும் வாய் திறக்க மாட்டான்."

அத்தான் தார்வாளியைக் காலால் தட்டிவிட்டார். தார் அப்பாவின் பாதத்தில் ஊற்றியது. நல்ல காலம், கொதி ஆறியிருந்தது.

"உங்களுக்கு வெக்கம் இல்ல. எனக்கு இருக்கு."

அப்பா மணலை அள்ளிக் காலில் தேய்த்தார். அந்த வாரமும் பெரிய இறால் முன்வீட்டுக்குத்தான் போனது.

பிறகு மணிக்கட்டு. கதவு இடுக்கில் அக்காவின் வலக்கையை வைத்து அத்தான் கதவை அடித்துச் சாத்தினார். எலும்பு முறிந்த சத்தம் காய்ந்த மட்டை முறிந்த மாதிரி இருந்ததாக அக்கா சொன்னாள். ஆஸ்பத்திரியில் கிணற்றடியில் வழுக்கியதாகச் சொன்னாள். மாவு கட்டிய நேர்ஸ் அவளுடைய வாயில் இருந்த ஓட்டையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

"கிணத்தடி நல்லா வழுக்குதுபோல. வீடு ஆர்ர?"

"என்ர" என்றாள் அக்கா.

"மறுகா ஏன் கா நீங்க வழுக்குறீங்க?"

வரும் வழியெல்லாம் ஓட்டோவில் நான்தான் பேசினேன். பொலிசுக்குப் போவோம், நான் எழுதித் தாறன், என் சிநேகிதியின் மாமி சட்டத்தரணி என்று மூச்சு விடாமல் அடுக்கினேன். எனக்கு வாய் அதிகம். அக்கா வெளியே வாவியைப் பார்த்துக்கொண்டே ஒன்றே ஒன்று கேட்டாள்.

"நான் அவரப் போகச் சொன்னா அம்மா என்னோட நிப்பாளா?"

அதுதான் கேள்வி என்று அப்போதுதான் விளங்கியது. வீடு அவளுடையது, வளவு அவளுடையது. தனியாக நிற்க மட்டும் அவளுக்குத் திராணி இல்லை. வந்த பிள்ளையை அனுப்பிவிட்டாள் என்ற பழியை அம்மா தன் தலையில் ஏற்பாளா என்பது ஒருவருக்கும் தெரியாது.

தெரிய வந்தது ஒரு ஞாயிறு முற்பகல். அம்மா பின்வீட்டு வாசலில் மீன் வெட்டிக்கொண்டிருந்தாள். முன்வீட்டிலிருந்து ஏதோ உருண்டு விழுந்த சத்தம். நான் ஓடிப் பார்த்தபோது அத்தான் அக்காவைத் தலைமயிரில் பிடித்து முன்வாசலால் இழுத்து வந்துகொண்டிருந்தார். மாவுக் கட்டுக் கை நிலத்தில் இழுபட்டது. அவருடைய மற்றக் கையில் அலவாங்கு, கதியாலுக்குக் குழி தோண்ட வைத்திருந்த இரும்பு. அதால் படியை ஓங்கிக் குத்தினார். சீமெந்துத் துண்டு பறந்து என் முழங்காலில் பட்டது.

"எங்க உன்ர ராச்சியம்? எழும்பு! வெளிய போ! இது என்ர வீடுடி இனி!"

ஒழுங்கையில் ஆட்கள் கூடிவிட்டார்கள். அயல்வீட்டு மாமா வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்தார். பகிடிக்கு வாய் திறந்த மாதிரி இருந்தது, மூடிக்கொண்டார். நான் அத்தானின் கையில் தொங்கிக் கடித்தேன். அவர் உதறியதில் தூணில் போய் அடிபட்டேன். கண்ணுக்குள் மஞ்சளாகப் பொறி பறந்தது.

அந்த மஞ்சளுக்குள்தான் அம்மா வந்தாள். கையில் அப்பாவின் துடுப்பு. கால் எல்லாம் மீன் செதில். படியடியில் ஒரு கணம் நின்றாள், கலியாணத்துக்குப் பிறகு மிதிக்காத படி. பிறகு ஏறினாள். ஏறிய வேகத்திலேயே துடுப்பை அவருடைய முழங்காலின் பின்பக்கம் வீசினாள். அவர் மடங்கினார். இரண்டாவது அடி தோளில். மூன்றாவது அலவாங்கு பிடித்த கையில். அலவாங்கு விழுந்து உருண்டது. அவர் கையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு கத்தினார். அம்மா நிற்கவில்லை. அவள் முகத்தில் கோபம் இல்லை. வலை தட்டிக் காயப் போடுகிற முகம். அதுதான் பயமாக இருந்தது. அப்பா பின்னால் வந்து அவளை இடுப்பில் பிடித்துத் தூக்கியிராவிட்டால் அந்த மனிதன் அன்று செத்திருப்பான்.

"விடுங்க என்ன! எத்தின நண்டு குடுத்தன் இவனுக்கு! எத்தின நண்டு!"

அழுதுகொண்டே அதையே திருப்பித் திருப்பிச் சொன்னாள்.

அக்கா எழும்பினாள். உள்ளே போய் அத்தான் மாப்பிள்ளையாக வரும்போது கொண்டுவந்த நீலப் பையை இடக்கையால் இழுத்துவந்தாள். உடுப்புகளை அதற்குள் திணிக்க நான் உதவினேன். பையைக் கடப்படிக்கு வெளியே வைத்தாள். "போங்க" என்றாள். அவ்வளவுதான். கத்தவில்லை.

அவர் நொண்டிக்கொண்டு போனார். ஆனால் கதை அதோடு முடியவில்லை. அடுத்த நாளே கூரைக்குக் கல் வந்தது. ஓடுகள் உடைந்து அக்காவின் கட்டிலில் விழுந்தன. பொலிசில் முறைப்பாடு வைத்தோம். அது ஒரு பக்கம் நடக்க, அத்தானின் தாய்மாமன் நான்கு பேரோடு பேச வந்தார். வெள்ளை வேட்டி, மென்மையான குரல்.

"புள்ள, கோவத்தில நடந்தத மறந்திருங்க. ஆம்புள இல்லாத வீடு என்ன வீடு? நாளைக்கு ஊர் என்ன பறையும்? அல்லி ராச்சியம் எண்டு சிரிக்காதா?"

நாங்கள் எல்லோரும் அக்காவைப் பார்த்தோம். அவள் அம்மாவைப் பார்த்தாள். அம்மா படியில், ஆம், முன்வீட்டுப் படியில் குந்தியிருந்தாள்.

"ஆம்புள இருக்கக்கதான் மாமா எனக்குப் பல்லுப் போன" என்றாள் அக்கா. "ஊர் அப்பயும் சிரிச்சதுதான்."

தாய்மாமன் அப்பாவின் பக்கம் திரும்பினார். "நீங்க ஒரு ஆம்புள, சொல்லுங்க."

"என்னட்டக் கேக்காதீங்க" என்றார் அப்பா. "வீடு அவள்ற."

தேத்தண்ணியை யாரும் குடிக்கவில்லை. போய்விட்டார்கள்.

கல் இன்னும் சில தடவை வந்தது. அக்கா அலவாங்கைக் கதவுக்குப் பின்னால் சாத்தி வைத்திருக்கிறாள். சந்தியால் போகும்போது எங்களுக்குப் பின்னால் அந்தச் சொல் வந்துகொண்டே இருக்கிறது. இப்போது அதில் செல்லம் குறைவு, பயம் கூட. அயல்வீட்டு மாமா மட்டும் சொல்வதை நிறுத்திவிட்டார். உடைந்த கூரை ஓடுகளை மாற்ற ஏணியோடு வந்தார்.

அன்று அப்பாவின் வலையில் நல்ல நண்டு. அம்மா கறி வைத்தாள், பெரிய கால்களைப் பொறுக்கிக் கோப்பையில் போட்டாள், பழக்கத்தில் என்னிடம் நீட்டவந்து நிறுத்தினாள். தானே எடுத்துக்கொண்டு முன்வீட்டுக்குப் போனாள். நான் பின்னால் போய்ப் பார்த்தேன். அக்காவுக்குக் கையில் மாவுக் கட்டு, வாயில் முன்பல் இல்லை. அம்மா குசினி நிலத்தில் சப்பணமிட்டு உட்கார்ந்து, உலக்கையின் அடியால் நண்டுக்காலைத் தட்டித் தட்டிச் சதையை எடுத்து அவளுடைய சோற்றில் வைத்துக்கொண்டிருந்தாள்.