மெத்தைக்காரரின் ரத்தப் பரிசோதனை

மெத்தைக்காரரை வீட்டில் கவனித்துக்கொள்ளும் நர்ஸாக நான் போனபோது அவருடைய வலது கை மணிக்கட்டிலிருந்து தொங்கிவிட்டிருந்தது. முழ நீள ஊசியை மெத்தையின் இந்தப் பக்கம் குத்தி அந்தப் பக்கம் இழுத்த கை, தேக்கரண்டியைக்கூடத் தவறவிட்டது. கால்கள் வீங்கியிருந்தன. நாலடி நடந்தால் மூச்சு வாங்கியது. வீட்டில் அவரும் மனைவியும்தான். முன்னறை கடை, பின்னறை படுக்கை, நடுவில் பஞ்சு மூட்டைகள்.

பல வருட மூச்சிழுப்பு. பஞ்சுத் தூசிதான் என்று எல்லோரும் விட்டுவிட்டார்கள். பிறகு ஒரு டாக்டர் ரத்தம் எடுத்துப் பார்த்தார். ஈசினோஃபில் எக்கச்சக்கமாக இருந்தது.

அது வெள்ளை அணுக்களில் ஒரு வகை. கிருமி நுழைந்தால் முதலில் ஓடி வருவது நியூட்ரோஃபில். வந்த கிருமியை நினைவில் வைத்திருப்பது லிம்ஃபோசைட். ஈசினோஃபிலுக்கு வயிற்றுப் புழுவும் ஒவ்வாமையும்தான் வேலை. அரிக்கும் சரக்கைத் தனக்குள் பொதிந்து வைத்திருக்கும். புழுவின் மேல் கொட்டினால் நமக்கு நல்லது. புழுவே இல்லாமல் அளவுமீறிப் பெருகினால் ரத்தத்தை விட்டு இறங்கி நுரையீரல், நரம்பு, இதயம் என்று குடியேறி அங்கே கொட்டும். அவருக்கு வந்தது அந்த நோய். அடக்குவதற்குத் தினமும் காலையில் ஸ்டீராய்டு மாத்திரை.

மாத்திரையில் முகம் ஊதியது, தூக்கம் போனது. கடையில் கூட வேலை பார்த்த மைத்துனனுக்குக் கொண்டாட்டம். வாடிக்கையாளர் எதிரிலேயே கேட்பானாம்:

“என்ன மாமா, மெத்தைக்கு வச்ச பஞ்ச மூஞ்சில அடைச்சுட்டீங்களா? மெத்தைக்காரருக்கே தூக்கம் வரலன்னா எவன் நம்மகிட்ட வாங்குவான்?”

இதை மனைவி சிரிக்காமல் சொன்னாள். “ஆனா மாத்திரைய விடலம்மா. எதிர்ல நின்னு நான்தான் குடுப்பேன். ரத்தம் நல்லா இருக்குன்னுதான் டாக்டர் ஒவ்வொரு தடவையும் சொன்னாரு. அப்புறம் எப்படிக் கை விழுந்துச்சு?”

எனக்கும் அது பிடிபடவில்லை.

ஒரு நாள் தலையணை உறை மாற்றும்போது உள்ளே ஏதோ உருண்டது. ஓரத் தையலைப் பிரித்தேன். பஞ்சுக்குள் மாத்திரைகள். சில எச்சிலில் கரைந்து பஞ்சோடு ஒட்டிக் காய்ந்திருந்தன. தலையணையைத் தைத்தவர் அவர்தான். கை விழுவதற்கு முன் அவர் பிரித்துத் திரும்பத் தைத்தால் அடையாளமே தெரியாது.

“தலையணைக்கும் இழுப்பா?” என்று கேட்டேன்.

அவர் சிரிக்கப் பார்த்தார். “நாக்குக்கு அடியில வச்சுக்குவேன், அக்கா. அவ திரும்புனதும் துப்பிடுவேன். ரத்தம் எடுக்குற வாரம் மட்டும் ஒழுங்கா முழுங்குவேன்.”

“டாக்டர்கிட்ட சொல்லலையா?”

“நல்லா இருக்குன்னு சொல்றவர்கிட்ட என்னத்தச் சொல்ல?”

மாத்திரை உள்ளே போனால் சில நாளிலேயே ரத்தத்தில் அந்த அணு குறைந்துவிடும். மற்ற வாரங்களில் அது எங்கே இறங்கி எதை அரித்தது என்பதை அந்த எண்ணிக்கை காட்டாது.

மனைவி துவைத்த துண்டோடு கதவருகே நின்றிருந்தாள். “ஊதின மூஞ்சியோட வாழ மாட்டேன்னு நான் சொன்னேனா?” என்றாள்.

டாக்டரிடம் எல்லாவற்றையும் சொன்னோம். இதயத்தை ஸ்கேன் செய்தார். உள்சுவர் தழும்பேறி இறுகிவிட்டது. மருந்தைக் கூட்டினாலும் அது பழையபடி ஆகாது என்றார்.

அன்றிலிருந்து மாத்திரையை விழுங்கியதும் வாயைத் திறந்து, நாக்கைத் தூக்கி மனைவிக்குக் காட்டுவார். அவள் பார்க்க மாட்டாள்.

படுத்தால் மூச்சு முட்டியது. அதனால் இரவும் பகலும் உட்கார்ந்தபடிதான் இருந்தார். முதுகுக்குக் கொடுக்க அந்தத் தலையணையின் பிரிந்த ஓரத்தை மனைவி, சட்டை தைக்கும் சின்ன ஊசியால் தைத்து மூடினாள்.

“கோணலா இருக்கு” என்றார்.

“இருந்துட்டுப் போவட்டும்.”

கடைசியாக எடுத்த ரத்தத்தில் ஈசினோஃபில் இயல்பான அளவில் இருந்தது. அந்த முறை அது உண்மை. அந்த முடிவு கைக்கு வந்த மத்தியானம் அவர் சாய்ந்தபடியே போய்விட்டார். தலையணையை நான் உருவினேன். மனைவி அவர் தோளைப் பிடித்துக்கொண்டாள். அவர் தைத்த மெத்தையில் அவரை நீட்டிப் படுக்க வைத்தோம்.