பால் காய்ச்சிய வீட்டில் எடுத்த படம்

விளாங்குடியில் என் வீட்டு மாடியில், இலங்கையிலிருந்து அகதிகளாக வந்த ஒரு குடும்பத்தைக் குடிவைத்தவர், அகதிகளுக்கு உதவிசெய்யும் ஒருவர். மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை, நெற்றியில் சந்தனம், குரலில் அத்தனை கனிவு. அடுப்பு, பாய், பிள்ளைக்குப் பள்ளிக்கூடம் எல்லாம் அவர் ஏற்பாடுதான். இப்படி எத்தனையோ குடும்பங்களுக்குச் செய்திருக்கிறாராம்.

பால் பொங்கியதும் அவர்களை வரிசையாக நிற்கவைத்துச் செல்போனில் படம் எடுத்தார். பிறகு ஒவ்வொரு முகத்தையும் விரலால் பெரிதாக்கி நிதானமாகப் பார்த்தார்.

"படம் எதுக்கு அண்ணை?" என்று கேட்டாள் அந்தப் பெண்.

"நாளைக்கு யாராச்சும் வந்து கேட்டா காட்டணும்லம்மா."

"யார் கேப்பினம்?"

அவர் சிரித்தார். அவள் மகளைத் தன் பின்னால் இழுத்துக்கொண்டாள்.

இறங்க வந்தவர், மாடிப்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்த என் பக்கமும் போனை உயர்த்தினார். "நீங்களும் நில்லுங்கண்ணே, ஒரு படம்."

"எனக்கு எதுக்குங்க? நான் இந்த ஊர்க்காரன்தானே?"

"ஒங்க தாத்தா பர்மாவுல இருந்து கப்பல்ல வந்தவருதானண்ணே?"

அதை நான் அவரிடம் சொன்னதே இல்லை. ஆனாலும் நின்றேன். நாளைக்கு யாராவது வந்து கேட்டால் காட்ட, முகம் தெளிவாக விழட்டும் என்று அசையாமல் வேறு நின்றேன்.