நானூற்றுப் பதினேழுக்கு முன்னால்

ஆலையில் எல்லோரும் அவரை ‘மைக்’ என்றுதான் கூப்பிட்டார்கள். நேர அலுவலகத்தில் குமாஸ்தா. ஷிப்டு மாறுவது, தொலைந்த சாவி, விடுமுறை எல்லாவற்றையும் ஒலிபெருக்கியில் சொல்வது அவர் பொறுப்பு. யாரும் கற்றுத் தரவில்லை. எண்ணுக்கு எண் ஒரு மூச்சு விட்டுப் படித்தால் கடைசித் தறிவரை தெளிவாகக் கேட்கும் என்று அவரே கண்டுகொண்டார்.

ஆட்குறைப்புப் பட்டியலையும் அவர்தான் படித்தார். இருநூற்றுப் பன்னிரண்டு டோக்கன் எண்கள். அவற்றில் நானூற்றுப் பதினேழு, அவர் மனைவியின் தம்பி.

வாசலில் நின்ற சங்கத்துக்காரர் ஒருவர் அதைக் கேசட்டில் பதிந்து வைத்திருந்தார். இருபத்தாறு வருடம் கழித்து, வேலை போனவர்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் பெண் ஒருத்தி அந்த ஒலியோடு வீட்டுக்கு வந்தாள். அதைப் படத்தில் சேர்க்கக் குரலுக்கு உரியவரின் கையெழுத்து வேண்டும். கூட்டி வந்தவன் அவர் மனைவியின் தம்பியேதான்.

“கேளுங்க மாமா. ரயில் வர்ற நேரம் சொல்ற மாதிரியே படிச்சிருக்கீங்க” என்று சிரித்தான்.

மடிக்கணினியில் அவர் குரல் ஒலித்தது. நானூற்று மூன்று. நானூற்றுப் பதினொன்று. பிறகு மௌனம். நானூற்றுப் பதினேழு.

“இங்கதான் சார்” என்றாள் அந்தப் பெண். “நாலு செகண்டு. படத்தோட உயிரே இதுதான். சம்சாரத்தோட தம்பி நம்பர் வந்ததும் தொண்டை அடைச்சிருச்சு, இல்லையா?”

“அடைக்காம?” என்றான் தம்பி. “அன்னைக்கு ஆலை முற்றத்துல நின்னு கேட்டவன் நான். அந்த ஒரு தயக்கத்துக்காகத்தான் அப்புறமும் இந்த வீட்டுப் படி ஏறினேன். இல்லன்னா அக்கா முகத்துலகூட முழிச்சிருக்க மாட்டேன்.”

மனைவி சமையலறை வாசலில் நின்று அவரையே பார்த்தாள். ‘ஆமாம்’ என்று ஒரு வார்த்தை போதும்.

அவர் தனக்குள் தேடிப் பார்த்தார். அன்றைக்கும் ஒன்றும் இருக்கவில்லை, இன்றைக்கும் இல்லை. பல்லுக்கு ஊசி போட்டபின் கன்னத்தைத் தொட்டுப் பார்ப்பதுபோல் இருந்தது.

“பக்கம் திருப்பினேம்மா. தாள் ரெண்டு ஒட்டிக்கிச்சு.”

அந்தப் பெண் ஒலியைக் கூட்டி மறுபடி ஓட்டினாள். தாள் சரசரத்தது. இரண்டு தடவை.

தம்பி எழுந்து செருப்பை மாட்டினான். “ஒரு பொய் சொல்லியிருக்கலாமே மாமா. வாய் தேஞ்சா போயிரும்?”

“உன் நம்பர் தெளிவா கேட்டுச்சா?”

“கேட்டுச்சு” என்றான். “நல்லாவே கேட்டுச்சு.”

மனைவி அவன் பின்னாலேயே ஓடினாள்.

“சார், தாள் சத்தத்த மட்டும் எடுத்துடலாம். யாருக்கும் தெரியாது” என்றாள் அந்தப் பெண்.

“சத்தத்தோட போடுறதா எழுதிக் குடுங்க. கையெழுத்துப் போடுறேன்.”

அவள் படிவத்தின் ஓரத்தில் எழுதிக் கொடுத்தாள். இரண்டு முறை படித்துவிட்டுக் கையெழுத்திட்டார்.

அவள் போனபின் மனைவி தெருமுனையிலிருந்து தனியாகத் திரும்பி வந்தாள்.

“இனிமே வருவானான்னு என்னைக் கேக்காதீங்க.”

அவர் கேட்கவில்லை.