பஞ்சுக்கல் பூசிய பெட்டி

பஞ்சுக்கல்லைப் பொடித்துக் குழைத்து எதன் அடியில் பூசினாலும் அதன் கனம் போய்விடும். பீரோ, வண்டி, சவப்பெட்டி என்று வந்ததற்கெல்லாம் அதைப் பூசுவதுதான் பட்டறையில் அவளுக்கு வேலை. புருஷன் செத்தபோது அவன் பெட்டிக்கும் அவளே பூசினாள். அழுகை வரவில்லை. கை அதுபாட்டுக்கு வேலை செய்தது.

கொழுந்தன் பெட்டியை ஒற்றைக் கையால் தூக்கிவிட்டான்.

"கனமே தெரியல அண்ணி. உள்ள ஆளே இல்லாத மாதிரி இருக்கு."

"ரெண்டு முக்காலி மேல இறக்கி வைப்பா," என்றாள். உளியை எடுத்துப் பூச்சு மொத்தத்தையும் சுரண்டிப்போட்டாள். யாரும் தடுக்கவில்லை.

அதன்பிறகு ஆறு பேர் தேவைப்பட்டார்கள். வாசலிலேயே அவர்களுக்கு மூச்சு வாங்கியது.

"இப்ப கனக்குதா?"

"தோள் கழண்டுபோகுது அண்ணி."

மனசு அப்போதும் மரத்துத்தான் கிடந்தது. தெருமுனையில் கொழுந்தனை விலகச் சொல்லிவிட்டு, அவன் சுமந்த மூலையைத் தன் தோளில் வாங்கிக்கொண்டாள்.