வரிசை எண் ஒன்று

1. எங்கள் பனியன் கம்பெனியில் பழைய துணிக் கிடங்கு ஒன்று காலியானது.
2. அதைத் தொழிலாளர்களின் பொது உபயோகத்துக்கு விடுவதாக முதலாளி சொன்னார். எதற்கு என்பதை அவர்களே முடிவு செய்யட்டும் என்றார்.
3. மூன்று யோசனைகள் வந்தன: குழந்தைகள் காப்பகம், உட்கார்ந்து சாப்பிட ஒரு கூடம், கூரை போட்ட வண்டி ஸ்டாண்டு.
4. கை தூக்கி ஓட்டெடுத்தார்கள். எதை எதோடு, எந்த வரிசையில் மோத விடுவது என்று எழுதிக் கொடுத்தது நான்.
5. அந்த மாதக் கடைசியில் செக்கிங் அக்கா வேலையை விட்டு நின்றார்.

இதில் நான்காவதைப் பற்றித்தான் எழுத வேண்டியிருக்கிறது. மற்றவை தாமாக நடந்தவை.

செக்கிங் அக்காவுக்கும் எனக்கும் உறவில்லை. தைத்து முடித்த டீ-ஷர்ட்களை மேசையில் விரித்து, ஓட்டையோ எண்ணெய்க் கறையோ இருந்தால் அந்த இடத்தில் சிவப்பு அம்புக்குறி ஸ்டிக்கர் ஒட்டுவது அவர் வேலை. நான் அதே கம்பெனியில் இன்ஜினியர். எந்த மெஷினுக்குப் பின் எந்த மெஷின், ஒவ்வொரு தையலுக்கும் எத்தனை நொடி என்று பட்டியல் போடுவது என் வேலை. தோளை மூட்டாமல் கழுத்துப் பட்டை வைக்க முடியாது. வரிசை மாறினால் உடுப்பே வராது. அதைக் கற்றுக்கொள்ளத்தான் நான்கு வருடம் படித்தேன்.

அக்காவுக்கு இரண்டரை வயதில் ஒரு பெண் குழந்தை. கணவர் இல்லை. எங்கே என்று நான் கேட்டதில்லை. வாடகை லைன் வீட்டில் பக்கத்து அறை அம்மா ஒருவரிடம் குழந்தையை விட்டுவிட்டு வருவார். அந்த அம்மா மாதக் கடைசியில் மதுரைப் பக்கம் தன் மகன் வீட்டுக்கே போவதாக இருந்தது. ஆகவே கிடங்கு காப்பகமானால் அக்கா வேலையில் இருப்பார், ஆகாவிட்டால் இருக்க முடியாது. அது எல்லோருக்கும் தெரியும். சட்டப்படி காப்பகம் வைத்தே தீரவேண்டிய அளவுக்கு எங்கள் கம்பெனியில் ஆட்கள் இல்லை.

முந்தைய வருடம் டூர் எங்கே போவது என்று ஒரே சமயத்தில் கை தூக்கி, மூன்றாகப் பிரிந்து, சண்டையில் முடிந்திருந்தது. அதனால் மேனேஜர் இந்த முறை ஒரு விதி வைத்தார். முதலில் இரண்டு மோதும். ஜெயித்தது நிற்கும், மூன்றாவது வந்து அதோடு மோதும். எப்படியும் பாதிக்கு மேல் கை விழுந்ததுதான் ஜெயிக்கும். நியாயமாகத்தான் பட்டது. வரிசையைப் போட்டுக் கொடுக்கும்படி என்னிடம் சொன்னார், பட்டியல் போடுவது என் வேலை என்பதால்.

அன்று மதியம் டீ நேரத்தில் அக்கா என் மேசைக்கு வந்தார். கையில் ஒட்டியிருந்த ஸ்டிக்கரை உரித்தபடியே, "எங்களுத மொதல்ல எழுதீருங்க கண்ணு" என்றார்.

"ஏனுங்க்கா, கடேசில வந்தா ஆகாதா?"

"கடேசில போனா ஆளுக எந்திரிச்சுப் போயிருவாங்க. மொதல்ல லோடாகற பீஸுதான மொதல்ல வெளிய வரும்? நீங்கதான அதயச் சொல்லிச் சொல்லி எங்க உசுர வாங்குவீங்க."

சிரித்தேன். தையல் லைனில் அது உண்மைதான். அவசர ஆர்டரை எப்போதும் முதலில்தான் ஏற்றுவோம். அவருக்கு நல்லது செய்வதாக நினைத்து எழுதினேன். வரிசை எண் ஒன்று, காப்பகம். இரண்டு, சாப்பாட்டுக் கூடம். மூன்று, வண்டி ஸ்டாண்டு.

சனிக்கிழமை, கட்டிங் மேசைகளை ஓரம் தள்ளிவிட்டு எல்லோரும் நின்றார்கள். காப்பகமும் சாப்பாட்டுக் கூடமும் மோதியதில் காப்பகம் ஜெயித்தது. பெண்கள் கை தட்டினார்கள். ஓவர்லாக் மெஷின் ஓட்டும் ஒருத்தி, "இனி எம் பையனும் பஞ்ச் கார்டு போட்டுத்தான் உள்ள வருவானுங்" என்று கத்த, எல்லோரும் சிரித்தார்கள். அக்கா மட்டும் சிரிக்காமல் மேனேஜரையே பார்த்துக்கொண்டிருந்தார். அடுத்து ஸ்டாண்டு வந்தது. ஸ்டாண்டு ஜெயித்தது. ஐந்து நிமிடத்தில் எல்லாம் முடிந்துவிட்டது. மேசைகளைத் திரும்ப இழுத்துப் போட அதைவிட அதிக நேரம் ஆனது.

அக்கா என்னிடம் வந்து, "அவ்வளவுதானுங் கண்ணு. நெறையப் பேரு வேண்டாங்கறப்ப நாம என்ன பண்றது?" என்றார். குரலில் கோபம் இல்லை. பிறகு போய் மிச்சமிருந்த பண்டலைப் பிரித்தார்.

மூன்று நாள் கழித்து, அடுத்த ஸ்டைல் உடுப்புக்கு மாற்றுவதற்காகத் தையல் லைன் நின்றிருந்தபோது, போகிற போக்கில் ஒவ்வொருவரிடமும் கேட்டு நோட்டில் எழுதினேன். ஏறத்தாழ சம அளவில் மூன்று கூட்டம் இருந்தது. கம்பெனி வேனில் வரும் பெண்களுக்கு முதலில் காப்பகம், அடுத்து கூடம், வண்டி இல்லாததால் ஸ்டாண்டு கடைசி. கிடங்கை ஒட்டிய ஹாஸ்டலில் தங்கியிருக்கும் ஒடிசாப் பையன்கள் படிக்கட்டில் உட்கார்ந்து சாப்பிடுகிறவர்கள். அவர்களுக்கு முதலில் கூடம். இரண்டு மூன்று பேர் சேர்ந்து பழைய வண்டி வாங்கியிருந்தார்கள், அதனால் அடுத்து ஸ்டாண்டு. காப்பகம் கடைசி. "நைட் டூட்டி பார்த்து பகல் தூங்குது மேடம். பக்கத்து ரூம்ல பச்சா அழுதா தூக்கம் எங்க?" என்றான் ஒருவன். மங்கலம் பக்கமிருந்து பைக்கில் வரும் உள்ளூர் ஆண்களுக்கு முதலில் ஸ்டாண்டு, அடுத்து காப்பகம். சாப்பிட வீட்டுக்குப் போய்விடுவதால் கூடம் கடைசி.

எழுதியதைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். காப்பகம் கூடத்தை ஜெயிக்கும். கூடம் ஸ்டாண்டை ஜெயிக்கும். ஸ்டாண்டு காப்பகத்தை ஜெயிக்கும். ஒவ்வொன்றிலும் மூன்றில் இரண்டு பங்குக் கைகள். சுற்றிச் சுற்றி வந்தது. கடைசியில் களம் இறங்குவது எதுவோ அதுதான் மிஞ்சும். காப்பகத்தை மூன்றாவதாக எழுதியிருந்தால், முதலில் கூடம் ஸ்டாண்டை வெளியேற்றியிருக்கும், பிறகு காப்பகம் கூடத்தை ஜெயித்திருக்கும். யாரும் மனம் மாறியிருக்க வேண்டியதில்லை.

நோட்டை மேனேஜரிடம் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு முறை படித்தார். மறு ஓட்டெடுப்புக் கேட்டேன்.

"சரிங்கம்மா. மாத்தி வெச்சா உங்க அக்கா கேட்டது வரும். நாளைக்கு ஒடிசாப் பசங்க வந்து, எங்களுதயக் கடேசில வைங்கம்பானுங்க, அப்பச் சாப்பாட்டுக் கூடம் வரும். வண்டிக்காரங்களும் சும்மா இருக்க மாட்டாங்க. இதுல எதுங்கம்மா நெசமான முடிவு?"

அவர் மறுப்பார் என்றுதான் எதிர்பார்த்துப் போயிருந்தேன். அவர் சரியாகக் கேட்பார் என்று எதிர்பார்க்கவில்லை. டீ-ஷர்ட்டுக்குச் சரியான வரிசை என்று ஒன்று உண்டு. இதற்கு இல்லை. எல்லோருடைய விருப்பமும் சேர்ந்து உண்டாக்கிய பொது விருப்பம் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தது அந்தச் சனிக்கிழமை அங்கே இருக்கவே இல்லை. மூன்று கூட்டம் இருந்தது, ஒரு தாள் இருந்தது. தாளில் இருந்தது என் கையெழுத்து. அன்று எனக்கு அழுகை வரவில்லை. சீட்டுக்குத் திரும்பிப் போய் அடுத்த ஸ்டைலுக்கு நொடிக் கணக்குப் போட்டேன். கணக்குச் சரியாகவே வந்தது.

மாதக் கடைசியில் அக்கா கொமரலிங்கத்தில் இருக்கும் தன் அம்மா வீட்டுக்குப் போனார். போகும் நாள் குழந்தையைக் கூட்டிக்கொண்டு வந்து எல்லோரிடமும் சொல்லிக்கொண்டார். குழந்தையின் கவுன் முதுகில் யாரோ ஒரு சிவப்பு ஸ்டிக்கரை ஒட்டிவிட்டார்கள். அக்கா அதைப் பார்த்து, "ஏனுங், எம் புள்ளகிட்ட என்ன டேமேஜக் கண்டீங்க?" என்று உரித்துப் போட்டார். செக்கிங் மேசை முழுக்கச் சிரித்தது.

இப்போதைய நிலை இது. ஸ்டாண்டு கட்டியாகிவிட்டது, என் ஸ்கூட்டியையும் அங்கேதான் நிறுத்துகிறேன். ஒடிசாப் பையன்கள் இன்னும் படிக்கட்டில்தான் சாப்பிடுகிறார்கள். அக்கா தேங்காய் உடைத்துக் காயவைக்கும் களத்தில் வேலைக்குப் போகிறார், குழந்தை அங்கன்வாடிக்குப் போகிறது. எப்போதாவது போன் செய்வார். பேச்சு எங்கெங்கோ போய், "நெறையப் பேரு வேண்டாம்னுட்டாங்க, உடுங்க கண்ணு" என்பதில் வந்து நிற்கும். அப்படியில்லை என்று சொல்லலாம். சொன்னால் வரிசையைச் சொல்ல வேண்டும். வரிசையைச் சொன்னால், முதலில் எழுதச் சொன்னது தான்தான் என்பது அவர் நினைவுக்கு வரும். ஆகவே நான் இதுவரை சொல்லவில்லை.