அக்கா கடைசியாகப் பேசிய பாஷை

சென்ற ஆண்டு அக்கா காய்ச்சலில் படுத்திருந்தபோது பார்க்க வந்த உறவினர்களில் பலர் என்னைத் தனியே அழைத்து, "என்னப்பா, உங்கக்கா வாயில என்னமோ புரியாத பேச்சு வருதே" என்று கேட்டீர்கள். பெரிய மாமா மந்திரிக்கிறவரைக் கூட்டிவரவே ஆள் அனுப்பிவிட்டார். அன்று விளக்கம் சொல்லும் நிலையில் நான் இல்லை. அக்காவின் முதலாண்டு நினைவுக்குப் போடும் இந்த மலரில் அவரைப் பற்றி நான் எழுத வேண்டும் என்று எல்லோரும் சொன்னபோது, அந்தக் கேள்விக்குப் பதிலாகவே எழுதிவிடலாம் என்று பட்டது. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் என்பதால் இந்தக் கடமை எனக்கு வந்தது. எழுத்தில் குறை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

அக்கா பேசியது ஜெர்மன் பாஷை.

சின்னமனூருக்கு அருகே எங்கள் கிராமத்தில், நாலு பிள்ளைகளில் மூத்தவராக அக்கா பிறந்தார். நடுவில் இரண்டு தவறிப்போய் கடைசியில் நான் தங்கினேன். மயிலாடும்பாறையில் வாழ்க்கைப்பட்டு, இரண்டு வருஷம்கூட நிறையாமல், ஏலத்தோட்டத்துக் காய்ச்சலில் அத்தானைப் பறிகொடுத்துத் தாய்வீடு திரும்பினார். அந்த வயதில் மூலையில் உட்கார அவருக்கு மனமில்லை. பக்கத்து வீட்டு சூசையம்மாளின் உறவினர் ஒருவர் மதுரையில் வெள்ளைக்காரர் வீட்டில் சமையல் வேலை பார்த்தார். அவரைப் பிடித்துக்கொண்டு அக்காவும் மதுரைக்குப் போய்விட்டார். ஊர் பேசிற்று. அக்கா காதில் வாங்கவில்லை.

அக்கா வேலைக்குச் சேர்ந்த வீட்டு துரை, சுங்குடிச் சேலைக்காரர்களுக்குச் சாயப்பொடி விற்ற ஜெர்மன்காரர். அவர் மனைவியை அக்கா அம்மாள் என்றுதான் சொல்வார். அம்மாளுக்குத் தமிழ் வராது, அக்காவுக்கு வேறெதுவும் வராது. ஹன்னா என்ற பெண் குழந்தை பிறந்ததும், அம்மாள் பிள்ளையிடம் பேசுவதைப் பக்கத்தில் இருந்து கேட்டுக் கேட்டு, பிள்ளை கற்ற வேகத்திலேயே அக்காவும் கற்றுக்கொண்டார். சாயக்கடைக் கணக்கர்கள் சிலர் சாயங்காலம் வந்து துரையிடம் புத்தகம் வைத்து அந்தப் பாஷை படித்தார்களாம். "அவுக படிச்சது சாயம் காய்ச்சுற பாஷை, நான் படிச்சது சோறு ஊட்டுற பாஷை" என்று அக்கா சிரிப்பார்.

அந்த வீட்டில் அவர்கள் ஊர் வழக்கங்கள் ஒன்றும் குறையவில்லை. கிறிஸ்துமசுக்கு முந்தின நான்கு ஞாயிறும் பச்சைத் தழை வளையம் ஒன்றில் ஒன்று, இரண்டு என்று மெழுகுவர்த்தி கூடிக்கொண்டே போகும். சாப்பாட்டு மேஜையில் எல்லோரும் பக்கத்தில் இருப்பவர் கையைப் பிடித்துக்கொண்டு "குட்டன் அப்பெடிட்" என்று சொல்லிவிட்டுத்தான் சாப்பிடுவார்கள். நன்றாகப் பசித்துச் சாப்பிடுங்கள் என்று அதற்குப் பொருள். அக்காவையும் அந்த வரிசையில் உட்காரவைத்தார் அம்மாள். அதை அக்கா கடைசிவரை பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

பிள்ளைக்கு மூன்று வயதாகும்போது அம்மாள் டைபாய்டில் இறந்தார். அடுத்த ஆண்டு யுத்தம் வந்தது. ஜெர்மன்காரர்களையெல்லாம் பிடித்து வடக்கே காவல் முகாமுக்கு அனுப்பினார்கள். பிள்ளை அப்போது கக்குவான் இருமலில் கிடந்ததால், டாக்டர் சொல்லின் பேரில் அக்காவிடமே விட அதிகாரிகள் சம்மதித்தார்கள். போலீஸ் வாசலில் நிற்க, துரை தமக்குத் தெரிந்த தமிழில் அக்காவிடம் கேட்டது ஒன்றுதான்: "நான் வருவேன். வந்தால் என் பிள்ளையோடு நான் பேச வேண்டும்."

அக்கா சரி என்று சொல்லிவிட்டார். சொன்ன பிறகுதான் அது எவ்வளவு பெரிய வேலை என்று அவருக்குத் தெரிந்தது.

பிள்ளையோடு அக்கா ஊர் வந்து சேர்ந்தபோது எங்கள் தகப்பனார் காலமாகியிருந்தார். வீட்டில் தாயாரும் நானும்தான். ஹன்னாவைத் தாயார் அன்னம் என்று கூப்பிட்டார். ஊரும் அப்படியே கூப்பிட்டது. அக்காவும் அவளும் ஜெர்மனிலேயே பேசிக்கொள்வார்கள். ஆனால் அக்கா கற்றது மதுரை வீட்டு அடுக்களையும் தொட்டிலும் மட்டும். முல்லையாற்றுக்கும் கரும்பாலைக்கும் கிணற்றில் நீர் இறைக்கும் கவலைமாட்டுக்கும் அவரிடம் சொல் இல்லை. இருந்த சொற்களை ஒட்டவைத்துச் சமாளித்தார். முல்லையாறு "பெரிய குளிக்கிற தண்ணி" ஆயிற்று. சாறு சொட்டிக்கொண்டே இருக்கும் கரும்பாலை "சர்க்கரை அழுகிற வீடு".

முதல் மார்கழியில் அக்கா வேப்பந்தழையால் வளையம் கட்டி, நடுவே அகல் ஏற்றி, வாசல் நடையில் வைத்தார். வேம்பைப் பார்த்த தெரு, வீட்டுப் பிள்ளைக்கு அம்மை போட்டிருக்கிறது என்று முடிவு கட்டி எங்கள் வீட்டுப் பக்கமே வரவில்லை. பால்காரர்கூடத் தெருமுனையில் செம்பை வைத்துவிட்டுப் போனார். சூசையம்மாள்தான் வந்து, "ஏத்தா, கர்த்தர் பொறக்கப்போறாருன்னு வெளக்கு வச்சியா, மாரியாத்தா வந்துருக்கான்னு தோரணம் கட்டுனியா?" என்று கேட்டுச் சிரித்து, ஊருக்கும் எடுத்துச் சொன்னார். மறுவருஷம் முதல் சவுக்குத் தழை.

பிள்ளைக்கு எட்டு வயது நடக்கும்போது அந்தக் கஷ்டம் வந்தது. பள்ளிக்கூடத்தில் "குண்டு போடுற ஊர்க்காரி" என்று கேலி செய்திருக்கிறார்கள். அன்றிலிருந்து அன்னம் ஜெர்மனில் வாய் திறக்க மறுத்துவிட்டாள். அக்கா கேட்பார், அவள் தமிழில் பதில் சொல்வாள். ஒரு வாரம், இரண்டு வாரம், ஒரு மாதம் என்று அது நீண்டது. அக்கா சரியாகச் சாப்பிடவில்லை.

"விட்டுருத்தா. நம்ம புள்ளையா வளந்துட்டுப் போகட்டும்" என்றார் சூசையம்மாள். "நீ அந்தப் பாஷையச் சொல்லிக்குடுக்கக் குடுக்க, அவ போறதுக்கு நீயே தடம் வெட்டுறே. தெரியுதா?"

"தெரியுது."

"அப்புறம்?"

"அவுக வந்து வாசல்ல நிப்பாக. இவ யாரோ எவரோன்னு பாத்துக்கிட்டு நிப்பா. அதை நான் நின்னு பாக்கணுமா? தடத்த வெட்டிட்டுப் போறேன். போறதும் இருக்கதும் அவ பாடு."

அந்த வாரமே அக்கா ஒரு சட்டம் போட்டார். ராத்திரிச் சாப்பாட்டில் வீட்டில் எல்லோரும் கைபிடித்து "குட்டன் அப்பெடிட்" சொன்ன பிறகுதான் சோறு. சாப்பிட்டு முடியும் வரை ஜெர்மன் மட்டும். எனக்கும் சட்டம் உண்டு, தாயாருக்கும் உண்டு.

தாயார் எதிர்த்தது பாஷையை அல்ல. "கழுவுன கைய அடுத்தவ கையில குடுத்துட்டு, அதே கையால எப்படித்தா சோத்தை அள்றது? வெள்ளக்காரன் முள்ளால குத்தித் திங்கிறான், அவனுக்குச் சரி." நியாயமான கேள்விதான். அக்கா யோசித்துவிட்டு, உள்ளங்கையைத் தொடாமல் மணிக்கட்டைப் பிடித்துக்கொள்ளலாம் என்றார். அப்படியே நாலு பேரும் வட்டமாக உட்கார்ந்து ஒருவர் மணிக்கட்டை ஒருவர் பிடித்தோம்.

"குட்டான் அப்பாத்துரை" என்றார் தாயார்.

அன்னம் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். மறுநாளும் தாயார் அப்பாத்துரையைத்தான் கூப்பிட்டார். நான் என் பங்குக்கு எதையோ உளறினேன். மூன்றாம் நாள் பிள்ளையால் பொறுக்க முடியவில்லை. "ஐயோ ஆத்தா, அப்பாத்துரை யாரு? அப்பெடிட்!" என்று கத்தினாள். "நீ சொல்லிக்குடுத்தாத்தானே வரும், நான் என்னத்தக் கண்டேன்" என்றார் தாயார். அதன் பிறகு அவள் எங்களுக்கு வாத்தியார் ஆகிவிட்டாள். தப்புச் சொன்னால் மோர் கிடையாது. தாயார் இதுநாள்வரை அப்பாத்துரையை விடவில்லை. வராமல்தான் சொன்னாரா, வேண்டுமென்றே சொன்னாரா என்று இன்றும் கேட்டால், "போடா, வேலையப் பாரு" என்கிறார்.

யுத்தம் முடிந்து ஓராண்டு கழித்து, ஜெர்மன்காரர்களை அவர்கள் நாட்டுக்குக் கப்பலேற்றுவதற்கு முன் அனுமதி வாங்கிக்கொண்டு துரை எங்கள் ஊருக்கு வந்தார். தலை முழுவதும் வெளுத்திருந்தது. பதினோரு வயதில் இரட்டைப் பின்னலும் பாவாடையுமாக வாசலில் நின்ற அன்னத்தைப் பார்த்து, முகாமில் இருந்த இத்தனை ஆண்டும் மனத்துக்குள் சொல்லிப் பார்த்திருப்பார் போல, தமிழிலேயே, "நான்... உன் அப்பா" என்றார்.

அவள் ஜெர்மனில் சொன்னாள்: "தெரியும். கை கழுவிவிட்டு வாங்கள். சோறு ஆயிற்று."

துரை நின்ற இடத்திலேயே தூணைப் பிடித்துக்கொண்டார். பிறகு எங்களோடு தரையில் உட்கார்ந்தார். அன்னம் அவர் மணிக்கட்டைப் பிடித்தாள். அவருக்கு விளங்கவில்லை, கையைத் திருப்பிக் கொடுத்தார். "அப்படி இல்லை அப்பா, இப்படி" என்று அவள் ஜெர்மனில் திருத்தினாள். அவர் மறுபேச்சில்லாமல் எங்கள் எல்லோரையும்போலப் பிடித்துக்கொண்டார். பெரிய குளிக்கிற தண்ணியைக் காட்டுகிறேன் என்று அவள் சொன்னபோது அவருக்குச் சிரிப்பு வந்து, சிரிப்பு அழுகையாயிற்று.

அக்காவிடம் அவர் சொன்னது எனக்கு வார்த்தை பிசகாமல் நினைவிருக்கிறது. "எங்கள் நாட்டில் என் ஊர் வேறு, என் மனைவி ஊர் வேறு. பேச்சின் இழுப்பு வேறு. பிள்ளை பேசுவது அவள் அம்மாவின் இழுப்பு. அதை நான் இனிக் கேட்கமாட்டேன் என்று இருந்தேன்."

அக்கா அவர் தட்டில் இன்னும் கொஞ்சம் ரசம் விட்டார்.

பிள்ளை துரையோடு கப்பலேறிப் போன பிறகும் அக்கா சட்டத்தை மாற்றவில்லை. மூன்று பேராக மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டோம். சந்தைக்குப் போகும் வழியில் கரும்பாலையைக் கண்டால் ஜெர்மனில் பெயர் சொல்லிவிட்டு என்னைப் பார்ப்பார். நான் பதில் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் முகம் வாடிவிடும்.

கடைசி நாள் நண்பகலில் நானும் தாயாரும் இரு பக்கமும் அக்காவின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததைப் பலர் பார்த்தீர்கள். நாடி பார்ப்பதாக நினைத்து, "எப்படி ஓடுது?" என்று பெரிய மாமா கேட்டார். நாங்கள் நாடி பார்க்கவில்லை. அக்கா கண் திறந்து, "கை கழுவியாச்சா?" என்று ஜெர்மனில் கேட்டார். ஆயிற்று என்று சொன்னேன். "குட்டன் அப்பெடிட்" என்றார். தாயார் குனிந்து காதோரம், "குட்டான் அப்பாத்துரை" என்றார். அக்கா உதடு லேசாக விரிந்தது. அதை நீங்கள் வலி என்று நினைத்திருக்கலாம். நான் பக்கத்தில் இருந்தேன். அது சிரிப்பு.

எங்களோடு நின்றவர்களுக்கு நன்றி சொல்லக் கடமைப்பட்டிருக்கிறேன். ஆபத்துக்கும் சிரிப்புக்கும் முதலில் வந்த சூசையம்மாளுக்கும் அவர் வீட்டாருக்கும். யுத்த காலத்தில் பிள்ளையை மாதாமாதம் பார்க்க வந்து, அவள் கையால் மோர் வாங்கிக் குடித்து, தொந்தரவு இல்லாமல் போன போலீஸ்காரருக்கும். தெருமுனையில் என்றாலும் பாலை நிறுத்தாத பால்காரருக்கும். காய்ச்சலில் இரவு பகல் பாராமல் கஞ்சி கொண்டுவந்த பங்காளி வீட்டுப் பெண்களுக்கும். மந்திரிக்கிறவரைத் திருப்பி அனுப்பியதற்குக் கோபிக்காத பெரிய மாமாவுக்கும் எங்கள் வணக்கம். கப்பலில் போய்ச்சேர நாளாகும் என்றாலும், இந்த மலரில் ஒன்று அன்னத்துக்கும் போகிறது. அவளுக்குத் தமிழ் படிக்க மறந்திருக்காது.

இன்று வந்திருக்கும் அனைவரும் சாப்பிட்டுவிட்டுத்தான் போக வேண்டும். பந்தியில் தாயார் பக்கத்தில் உட்காருகிறவர்கள், அவர் உங்கள் மணிக்கட்டைப் பிடித்தால் ஆச்சரியப்படாதீர்கள். கையைக் கொடுங்கள். அவர் சொல்வதைத் திருத்த வேண்டாம்.